மதிப்பீட்டு அறிவித்தல் கிடைத்தவுடன் நீதிமன்றம் போகலாமா?

உள்நாட்டு இறைவரித் திணைக்களத்திலிருந்து ஓர் உறை வருகிறது. உள்ளே இருப்பது வருமான வரி மதிப்பீட்டு அறிவித்தல். அதில் நாம் காட்டிய வருமானத்தை விடப் பல மடங்கு பெரிய தொகையும், அதற்கான வரியும், தண்டப்பணமும் குறிக்கப்பட்டிருக்கின்றன. மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் சிறு ஆலைகளும் கடைகளும் நடத்துபவர்கள் பலர் இந்த நிலையில் முதலில் கேட்பது, "இதற்கு எதிராக வழக்குப் போடலாமா?" என்பதைத்தான். போடலாம், ஆனால் எப்போது போடலாம் என்பதே இந்தக் கட்டுரையின் பொருள். காலம் கனியுமுன் தொடுக்கும் வழக்கை நீதிமன்றம் ஏன் விசாரணைக்கு எடுப்பதில்லை என்பதும், அப்படி எடுக்காமல் விடுவதால் வரி செலுத்துபவருக்கு நேரும் இழப்பு எங்கே இருக்கிறது என்பதும் சட்டம் படிக்காதவர்களும் விளங்கிக்கொள்ளக்கூடியவையே.

சம்மாந்துறையில் சிறிய நெல் ஆலை ஒன்றை நடத்துபவர் ஒருவர் இருப்பதாக வைத்துக்கொள்வோம். அவர் திணைக்களத்துக்குக் கொடுத்த தமது வருமான விபரத்திரட்டில் ஆண்டு வரவு 60 இலட்சம் ரூபாய் என்று காட்டியிருக்கிறார். அவரது வங்கிக் கணக்கில் அந்த ஆண்டு வரவு வைக்கப்பட்ட தொகையோ 1 கோடியே 80 இலட்சம். எஞ்சிய 1 கோடியே 20 இலட்சத்தையும் மறைக்கப்பட்ட வருமானமாகக் கருதி மதிப்பீடு செய்கிறார்கள். உண்மையில் அதில் 70 இலட்சம், கொழும்பு வியாபாரி ஒருவர் வயல் வட்டைகளில் நெல் வாங்கிக் கொடுக்கும்படி அனுப்பிய பணம். ஆலைக்காரர் அதிலிருந்து விவசாயிகளுக்குக் கொடுத்துவிட்டுக் கூலியாக ஒரு சிறு பகுதியையே எடுத்துக்கொண்டார். 30 இலட்சம் வங்கிக் கடன். மீதி 20 இலட்சம் அவருடைய மற்றொரு கணக்கிலிருந்து மாற்றப்பட்டது. ஆக, மதிப்பீடு பிழையானது. அநியாயமானது என்றும் சொல்லலாம். எனினும் இந்தப் பிழையைத் திருத்தும் இடம், முதற்படியில், நீதிமன்றம் அன்று.

ஏன் என்று கேட்டால், இது கணக்குப் பிழை. 70 இலட்சம் யாருடைய பணம் என்று அறிய வேண்டுமானால் வங்கிக் கூற்றையும், நெல் வாங்கிய பற்றுச்சீட்டுத் துண்டுகளையும், வியாபாரியின் கடிதத்தையும் ஒருவர் உட்கார்ந்து ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். அந்த வேலைக்கென்றே 2017ஆம் ஆண்டின் 24ஆம் இலக்க உள்நாட்டு இறைவரிச் சட்டம் ஒரு படிவரிசையை வகுத்திருக்கிறது. முதற்படி, ஆணையாளர் நாயகத்திடம் எழுத்து மூலம் நிருவாக மீளாய்வு கோருவது. அதன் முடிவிலும் திருப்தி இல்லையென்றால், 2011ஆம் ஆண்டின் 23ஆம் இலக்கச் சட்டத்தால் அமைக்கப்பட்ட வரி மேன்முறையீட்டு ஆணைக்குழுவுக்குச் செல்லலாம். ஆணைக்குழுவின் தீர்மானத்தில் சட்டப் பிரச்சினை எழுமானால் அதன் மீது மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் கருத்தைக் கோரலாம். நீதிமன்றம் இந்த வரிசையின் மேற்படியில்தான் நிற்கிறது. அங்கேயும் அது சட்டத்தை ஆராய்கிறதேயொழிய, நெல் துண்டுகளை எண்ணுவதில்லை.

இந்தப் படிகளை விட்டுவிட்டு நேரே நீதிமன்றத்துக்குப் போவதற்கு நம்மவர்கள் நாடும் வழி, பேச்சுவழக்கில் 'ரிட்' என்று சொல்லப்படும் எழுத்தாணை மனு ஆகும். அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரை இந்த அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு வழங்கியுள்ளது. அரச அதிகாரி ஒருவர் தமது அதிகாரத்துக்கு அப்பாற்பட்டுச் செய்த தீர்மானத்தை இல்லாமற்செய்வது உறுதிகேள் எழுத்தாணை. செய்யப் போகும் செயலைத் தடுப்பது தடையீட்டு எழுத்தாணை. செய்ய வேண்டிய கடமையைச் செய்விப்பது ஆணையீட்டு எழுத்தாணை. இவை எல்லாவற்றுக்கும் பொதுவான ஓர் இயல்பு உண்டு. நீதிமன்றம் கேட்கும் கேள்வி, இந்த அதிகாரி எடுத்த முடிவு சரியா பிழையா என்பதன்று. இந்த முடிவை எடுக்க அவருக்கு அதிகாரம் இருந்ததா, எடுத்த முறை சட்டத்துக்கு ஏற்றதா என்பதே. ஆலைக்காரரின் 70 இலட்சம் இந்தக் கேள்விக்குள் அடங்காது. மதிப்பீடு செய்யும் அதிகாரம் அதிகாரிக்கு உண்டு; அதைப் பிழையான தொகைக்குப் பயன்படுத்திவிட்டார் என்பது மட்டுமே முறைப்பாடு.

இடையில் ஒரு நடைமுறைக் குறிப்பு. மட்டக்களப்பிலும் கல்முனையிலும் மாகாண மேல் நீதிமன்றங்கள் இருக்கின்றன. அவற்றுக்கும் 154த உறுப்புரையின் கீழ் எழுத்தாணை வழங்கும் அதிகாரம் ஓரளவுக்கு உண்டு. ஆனால் அது மாகாண சபை நிரலில் அடங்கும் விடயங்களுக்கு மட்டுமே உரியது. வருமான வரி மத்திய அரசின் விடயம். ஆகவே மனு, மேன்முறையீட்டு நீதிமன்றம் இருக்கும் கொழும்பு புதுக்கடைக்குத்தான் போக வேண்டும். இரவு ரயிலேறிப் போகும் செலவும், அங்குள்ள சட்டத்தரணிக்குக் கொடுக்கும் கட்டணமும் அதனோடு சேரும். தமிழ்நாட்டு எழுத்துகளைப் படிப்பவர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அங்கே 'உயர் நீதிமன்றம்' என்பது மாநில நீதிமன்றத்தைக் குறிக்கும். இங்கே நாட்டின் அதியுயர்ந்த நீதிமன்றத்தையே உயர் நீதிமன்றம் என்கிறோம். இந்தப் பெயர்க் குழப்பத்தாலேயே, அங்கு நடந்த ஒரு வழக்கைப் படித்துவிட்டு இங்கும் அப்படியே செய்யலாம் என்று எண்ணிவிடுபவர்கள் உண்டு.

இனி, காலம் கனியாமை என்பதை நுணுகிப் பார்ப்போம். கதிர் வெளிவராத குடலைப் பருவத்தில் வேளாண்மை வெட்டப் போவது போன்றது அது. ஆனால் அதில் இரண்டு வகை உண்டு, இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

முதல் வகை, எதிர்ப்பதற்கு இன்னும் ஒரு தீர்மானமே பிறவாத நிலை. திணைக்களம் அனுப்பும் எல்லாக் கடிதமும் மதிப்பீடு அன்று. விளக்கம் கேட்டு ஒரு கடிதம் வரலாம். கணக்குப் புத்தகங்களோடு அலுவலகத்துக்கு வரும்படி அழைப்பு வரலாம். உங்கள் விபரத்திரட்டை ஏற்க முடியாமைக்கு இன்னின்ன காரணங்கள் என்று ஒரு கடிதம் வரலாம். இவை எதிலும் உங்கள் மீது வரிச்சுமை இன்னும் விதிக்கப்படவில்லை. நீங்கள் கொடுக்கும் பதிலைப் பார்த்து அதிகாரி மனம் மாறவும் கூடும். உறுதிகேள் எழுத்தாணை ஒரு தீர்மானத்தை இல்லாமற்செய்யும் கருவி. தீர்மானமே இல்லாத இடத்தில் அது எதை இல்லாமற்செய்யும்? இந்தக் கட்டத்தில் போடப்படும் மனு பெரும்பாலும் முதல் நாளிலேயே நின்றுவிடும்.

இரண்டாம் வகை, தீர்மானம் பிறந்துவிட்டது, ஆனால் அதற்குச் சட்டமே காட்டியிருக்கும் பரிகாரத்தை நாடாமல் நீதிமன்றத்துக்கு வந்த நிலை. மாற்றுப் பரிகாரம் இருக்கிறது என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி எழுந்து சொல்வது இதைத்தான். நம் நாட்டு நீதிமன்றங்கள் இதை ஒரே குரலில் அணுகியதில்லை என்பது கவனிக்கத் தக்கது. தீர்ப்புகளைத் தொகுத்துத் தரும் சட்ட அறிக்கைகளில், 2000ஆம் ஆண்டு அறிக்கையில் உள்ள ஹல்வான் எதிர் கலீலுல் ரஹ்மான் வழக்கு, சட்டம் குறிப்பான ஒரு பரிகாரத்தைத் தந்திருக்கும்போது எழுத்தாணையை நாட முடியாது என்ற பக்கத்தில் எடுத்துக் காட்டப்படுவது. 1993ஆம் ஆண்டு அறிக்கையில் உள்ள வன்னியசிங்கம் எதிர் போர்ப்ஸ் வழக்கோ, மாற்றுப் பரிகாரம் இருப்பது ஒன்றே எழுத்தாணை மனுவைத் தடுத்துவிடும் என்ற விதி இலங்கையில் இல்லை என்பதற்காகக் காட்டப்படுவது. இரண்டையும் பக்கம் பக்கமாக வைத்தால் கிடைப்பது இதுதான்: எழுத்தாணை உரிமையாகக் கேட்டுப் பெறும் பொருள் அன்று, நீதிமன்றத்தின் தற்றுணிபில், அதாவது கொடுப்பதா இல்லையா என்று அதுவே முடிவு செய்வதில், தங்கியிருப்பது. மாற்றுப் பரிகாரம் போதுமானதாக இருந்தால் அந்தத் தற்றுணிபு உங்களுக்கு எதிராகச் சாயும். போதாததாக இருந்தால் உங்கள் பக்கம் சாயக்கூடும். வரி விடயத்தில் மீளாய்வும் ஆணைக்குழுவும் கணக்கைத் திறந்து பார்க்கும் அதிகாரம் உடையவை. ஆதலால், தொகை பற்றிய முறைப்பாட்டுக்கு அவை போதாதவை என்று வாதிடுவது எளிதன்று.

அப்படியானால் எப்போதும் படிப்படியாகத்தான் ஏற வேண்டுமா? இல்லை. இந்திய உச்ச நீதிமன்றம் 1998ஆம் ஆண்டு வேர்ள்பூல் வழக்கில், மாற்றுப் பரிகாரம் இருந்தாலும் நேரே வரக்கூடிய சூழ்நிலைகளைத் தொகுத்துச் சொன்னது: அடிப்படை உரிமையை நிலைநாட்ட வேண்டியிருத்தல், இயற்கை நீதி (பாதிக்கப்படுபவரையும் கேட்டு நடுநிலையாகத் தீர்மானித்தல்) மீறப்பட்டிருத்தல், அதிகாரி முற்றிலும் நியாயாதிக்கம் (தீர்மானிப்பதற்குச் சட்டம் தரும் அதிகாரம்) இன்றிச் செயற்பட்டிருத்தல், சட்டமே செல்லுபடியாகுமா என்பது கேள்வியாக இருத்தல். இது வணிகக் குறி பற்றிய வழக்கு. ஆயினும் அங்கே வரி வழக்குகளிலும் நாளாந்தம் எடுத்துக் காட்டப்படுகிறது. இங்கே இது கட்டுப்படுத்தும் தீர்ப்பு அன்று, சிந்திக்க உதவும் அளவுகோல் மட்டுமே. அந்த அளவுகோலை நமது நிலைமைக்குப் பொருத்திப் பார்த்தால் சில இடங்களில் பொருந்தும். ஓர் இடத்தில் பொருந்தவே பொருந்தாது.

பொருந்தாத இடத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். வரிச் சட்டமே அரசியலமைப்புக்கு முரண் என்று இந்தியாவில் வாதிடலாம். இலங்கையில், நாடாளுமன்றம் நிறைவேற்றிச் சபாநாயகர் சான்றுரை பொறித்த சட்டத்தின் செல்லுபடியை எந்த நீதிமன்றமும் கேள்விக்குட்படுத்த முடியாது என்று அரசியலமைப்பின் 80ஆம் உறுப்புரை கூறுகிறது. சட்டமூலமாக இருக்கும்போதே, அது நாடாளுமன்ற ஒழுங்குப் பத்திரத்தில் இடம்பெற்றதிலிருந்து அரசியலமைப்பு குறிக்கும் குறுகிய காலத்துக்குள், உயர் நீதிமன்றத்தில் எதிர்க்க வேண்டும். அந்தக் காலம் கழிந்தால் கதவு மூடிவிடும். ஆகவே வரி விகிதம் கொடுமையானது, இந்தச் சட்டமே அநீதி என்று மதிப்பீட்டு அறிவித்தல் வந்த பிறகு மனு எழுதுவதில் பயனில்லை. ஒருவகையில் பார்த்தால் அது காலம் கனியாத வழக்கு அன்று, காலம் கடந்த வழக்கு. சட்டத்தின் கீழ் வெளியிடப்படும் வர்த்தமானி ஒழுங்குவிதிகளின் நிலை வேறு. சட்டம் கொடுத்த அதிகாரத்தை அவை மீறியிருந்தால் நீதிமன்றம் தலையிட முடியும்.

பொருந்தும் இடங்களில் முதன்மையானது நியாயாதிக்கம். மதிப்பீடு செய்வதற்குச் சட்டம் ஒரு கால எல்லை வைத்திருக்கிறது; மோசடியோ வேண்டுமென்றே செய்த வரி ஏய்ப்போ இல்லாதவிடத்து அந்த எல்லைக்குப் பிறகு மதிப்பீடு செய்ய அதிகாரிக்கு அதிகாரமே இல்லை. ஆலைக்காரருக்கு வந்த அறிவித்தல் அந்த எல்லையைத் தாண்டியது என்பது தாளிலேயே தெரிந்தால், அது கணக்குப் பிரச்சினை அன்று, அதிகாரப் பிரச்சினை. ஆனால் இங்கேயும் ஒரு சிக்கல் உண்டு. மதிப்பீடு செய்யப்பட்ட நாள் எது, அறிவித்தல் அனுப்பப்பட்ட நாள் எது, கிடைத்த நாள் எது என்பவை வேறு வேறாக இருக்கலாம். எந்த நாளை எடுப்பது என்பதற்கே சாட்சியம் தேவைப்பட்டால், நீதிமன்றம் மறுபடியும் உங்களைப் படிவரிசைக்கே திருப்பி அனுப்பக்கூடும். ஒரு பார்வையிலேயே புலப்படும் பிழைதான் நேர்வழியைத் திறக்கும்.

அடுத்தது காரணம் கூறாமை. விபரத்திரட்டை ஏற்காமல் வேறு தொகையை மதிப்பிடும் அதிகாரி, ஏற்காமைக்கான காரணங்களை எழுத்தில் அறிவிக்க வேண்டும் என்பதை 1982ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் உள்ள பெர்னாண்டோ எதிர் இஸ்மாயில் தீர்ப்பு வலியுறுத்தியது. முன்னைய சட்டத்தின் கீழ் எழுந்த வழக்கானாலும், வரித் தகராறுகளில் இன்றளவும் அது நினைவுகூரப்படுகிறது. காரணம் கூறுவது வெறும் சம்பிரதாயம் அன்று; எதற்காக நிராகரித்தார்கள் என்று தெரியாதவர் எதை எதிர்த்து மீளாய்வு கேட்பார்? என் எண்ணத்தில், காரணம் கூறாத மதிப்பீட்டை எதிர்க்கும் வழக்கு, தொகை பெரிது என்று போடும் வழக்கை விடப் பல மடங்கு வலுவுள்ளது. ஆனால் ஒரு வரிக் காரணமாவது எழுதப்பட்டிருந்தால் நிலைமை மாறிவிடும். அந்தக் காரணம் பிழையாக இருப்பது ஒன்று, காரணமே இல்லாதிருப்பது இன்னொன்று.

இந்தியாவில் இதே இடத்தில், 2021ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம் வரை, இன்னொரு ஒழுங்கு இருந்தது. முடிந்துபோன ஆண்டின் வருமானத்தை மறுபடி மதிப்பிடப் போவதாக அங்கே அதிகாரி அறிவித்தல் அனுப்பினால், வரி செலுத்துபவர் முதலில் விபரத்திரட்டைக் கொடுத்துக் காரணங்களைக் கேட்டுப் பெற வேண்டும். பிறகு தம் ஆட்சேபனையை எழுதிக் கொடுக்க வேண்டும். அதிகாரி அதற்குக் காரணம் காட்டித் தனியே ஓர் உத்தரவு இட வேண்டும் என்று ஜி.கே.என். டிரைவ்ஷாப்ட்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. அந்தத் தீர்ப்பு 2003ஆம் ஆண்டு அறிக்கைகளில் உள்ளது. அதன் பின்பு, ஆட்சேபனையைக் கூடத் தெரிவிக்காமல் நேரே வரும் மனுக்கள் காலம் கனியாதவை என்று தள்ளப்படுவது அங்கே வழக்கமாயிற்று. முதலில் அதிகாரியிடம் சொன்னாயா என்ற கேள்வியில் இரு நாட்டு நீதிமன்றங்களும் ஒத்துப்போகின்றன.

இப்போது இழப்பு எங்கே என்பதற்கு வருகிறேன். என் பார்வையில் இந்த விடயத்தின் உயிர் இங்கேதான் இருக்கிறது. நிருவாக மீளாய்வு கேட்பதற்குச் சட்டம் தரும் காலம், தீர்மானம் அறிவிக்கப்பட்டதிலிருந்து 30 நாட்கள். ஆலைக்காரர் இந்த 30 நாட்களையும் புதுக்கடைக்குப் போய்வருவதிலும், மனுவுக்கான ஆவணங்களைத் திரட்டுவதிலும் கழித்துவிடுகிறார். மனு தாக்கல் செய்யப்படுகிறது. சில மாதங்களுக்குப் பிறகு, மாற்றுப் பரிகாரம் இருக்கிறது என்று அது தள்ளுபடியாகிறது. அதற்குள் 30 நாள் எப்போதோ கடந்துவிட்டது. மீளாய்வு கேட்கப்படாத மதிப்பீடு முடிந்த முடிவாகிவிடுகிறது. 70 இலட்சம் வியாபாரியின் பணம் என்று காட்ட அவரிடம் கட்டுக்கட்டாகச் சான்று இருக்கலாம். அதைக் கேட்பதற்கு ஓர் இடம் இல்லாமல் போய்விட்டது. நீதிமன்றம் அவருடைய வரியைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. ஆனாலும் அவர் தோற்றுவிட்டார்.

நாட்டில் இல்லாமை, சுகவீனம் அல்லது நியாயமான வேறு காரணம் இருந்தால் இந்தக் காலத்தை நீடித்துத் தர ஆணையாளர் நாயகத்துக்குச் சட்டம் இடங்கொடுக்கிறது என்பது உண்மையே. பிழையான நீதிமன்றத்துக்குப் போயிருந்தேன் என்பது நியாயமான காரணமாகுமா என்பதை நம்பி ஆண்டுக் கணக்கை அடகுவைப்பது அறிவுடைமை அன்று. நமது பகுதியில் இன்னொரு காரணமும் அடிக்கடி சொல்லப்படுகிறது. கடிதம் விளங்காத மொழியில் வந்தது என்பதே அது. அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரை வடக்கிலும் கிழக்கிலும் தமிழை நிருவாக மொழியாக ஏற்றிருக்கிறது. தமிழில் தரும்படி கேட்பது உங்கள் உரிமை. கேளுங்கள். ஆனால் தமிழ்ப் பிரதி வரட்டும் என்று மீளாய்வைத் தள்ளிப்போடாமல், இரண்டையும் ஒரே கிழமையில் செய்யுங்கள்.

மற்றொரு தவறான நம்பிக்கை, வழக்குப் போட்டால் வரி அறவீடு தானாக நின்றுவிடும் என்பது. மனு தாக்கல் செய்வது மட்டும் எதையும் நிறுத்தாது. நீதிமன்றம் இடைக்காலத் தடை உத்தரவு இட்டால்தான் நிற்கும். அது இல்லாதபோது திணைக்களம் நீதவான் நீதிமன்றத்துக்குச் சான்றிதழ் அனுப்பி அறவிடும் நடவடிக்கையில் இறங்கலாம். அந்த நீதவான் முன்னிலையில் மதிப்பீடு பிழையானது என்று கணக்குப் புத்தகத்தை விரிக்க முடியாது. சான்றிதழில் உள்ள தொகை சரியா என்று ஆராயும் பணியை நமது வரிச் சட்டங்கள் பல தசாப்தங்களாகவே நீதவானுக்குக் கொடுக்கவில்லை. மதிப்பீட்டை எதிர்க்க வேண்டிய நேரத்தில் எதிர்க்காதவர் அறவீட்டு நேரத்தில் வாயடைத்து நிற்பது இதனால்தான்.

சோலை வரி விடயத்திலும் இந்த ஒழுங்கின் ஒரு சிறிய வடிவத்தைக் காணலாம். மட்டக்களப்பு, கல்முனை, அக்கரைப்பற்று போன்ற மாநகர சபைகள் வீட்டின் ஆண்டுப் பெறுமதியை மதிப்பிட்டு அறிவித்தல் அனுப்பும்போது, முதலில் சபைக்கு எழுத்தில் ஆட்சேபனை கொடுக்க வேண்டும். சபையின் முடிவு வந்த பின்பே நீதிமன்றம் செல்லலாம். அந்த ஆட்சேபனையில் குறிப்பிடாத காரணத்துக்கு வழக்கில் சாட்சியம் கொடுக்க முடியாது என்ற கட்டுப்பாடும் உண்டு. வீட்டுக்குப் பக்கத்தில் வாய்க்கால் உடைந்து முற்றம் முழுக்க வெள்ளம் நிற்கிறது என்று எழுத மறந்தவர், பின்னர் நீதிபதியிடம் அதைச் சொல்ல முடியாமல் நிற்பார். முதற்படியில் எழுதும் கடிதத்தை ஏனோதானோ என்று எழுதக் கூடாது என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை.

வருமான வரியிலும் அப்படியே. மீளாய்வுக் கோரிக்கை, எதிர்ப்பதற்கான காரணங்களை விபரமாகக் காட்ட வேண்டும் என்று சட்டம் எதிர்பார்க்கிறது. மதிப்பீடு அதிகம், தயவுசெய்து குறைக்கவும் என்று நாலு வரியில் எழுதும் கடிதம் கோரிக்கை ஆகாது, விண்ணப்பப் புலம்பல்தான். ஆலைக்காரர் எழுத வேண்டியது 70, 30, 20 என்ற மூன்று தொகைகளையும் தனித்தனியாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் உரிய வங்கிக் கூற்றின் திகதியையும் ஆவணத்தையும் இணைத்து, அவை ஏன் வருமானம் ஆகா என்று சொல்வது. மதிப்பீடு பிழை என்று காட்டும் பொறுப்பு வரி செலுத்துபவர் மீதே இருக்கிறது என்பதால், ஒரு துண்டையும் விட்டுவைக்கக் கூடாது. அதிகாரப் பிரச்சினை ஏதும் இருந்தால், கால எல்லை கடந்தது, காரணம் தரப்படவில்லை என்பவற்றையும் இதே கடிதத்தில் எழுதிவிட வேண்டும். பின்னர் ஒரு நாள் நீதிமன்றம் போக நேர்ந்தால், 'இதை முதலிலேயே சொன்னேன்' என்று காட்ட அந்தக் கடிதமே சான்று.

அதிகாரமே இல்லாத மதிப்பீடு என்று உங்கள் சட்டத்தரணி உறுதியாகக் கருதி மனுவை உடனே தாக்கல் செய்ய விரும்பினாலும், 30 நாட்களுக்குள் மீளாய்வுக் கோரிக்கையையும் கொடுத்துவைக்க முடியுமா என்று அவரிடம் கேளுங்கள். கொடுத்திருந்தால் அதை மனுவில் மறைக்கவும் கூடாது. எழுத்தாணை கேட்டு வருபவர் எல்லா உண்மைகளையும் முழுமையாகச் சொல்ல வேண்டும் என்பதில் மேன்முறையீட்டு நீதிமன்றம் கண்டிப்பானது, ஒன்றை மறைத்தார் என்ற காரணத்துக்காகவே நல்ல மனுக்கள் தள்ளுபடியானதுண்டு. இரண்டு வழியிலும் ஒரே நேரத்தில் நடப்பதில் சங்கடம் உண்டு. எதிர்த்தரப்பு அதையே பிடித்துக்கொண்டு, மாற்றுப் பரிகாரத்தை நீங்களே ஏற்றுக்கொண்டீர்கள் என்று வாதிடும். ஆயினும் நீதிமன்றம் திருப்பி அனுப்பினால் திரும்பிச் செல்ல ஒரு படி இருக்கும்.

இவை எல்லாவற்றுக்கும் முன்பு, அறிவித்தல் வந்த அன்று செய்ய வேண்டிய சின்ன வேலை ஒன்றுண்டு. உறையைக் கிழித்து எறிந்துவிடாமல், தபால் முத்திரையில் உள்ள திகதி தெரியும்படி கடிதத்தோடு சேர்த்துக் குத்தி வையுங்கள். அது உங்கள் கைக்கு வந்த திகதியையும் மேலே எழுதிக் கையொப்பமிடுங்கள். 30 நாட்கள் எப்போது தொடங்கின என்ற கேள்வி எழும்போது முதலில் தேடப்படுவது அந்த உறைதான்.